பிராட்வே டவர் உண்மையான கோட்டையா? மலையுச்சிக் கோபுரம் பற்றிய கேள்விக்கு ஒரு விரிவான பதில்

இங்கிலாந்தின் கோட்ஸ்வோல்ட்ஸ் பகுதியில் பிராட்வே என்ற ஊருக்கு மேலே, மலை விளிம்பில் நிற்கும் கோபுரத்தைப் பார்த்துவிட்டு வந்து நீங்கள் கேட்டிருப்பவை இவை: அது எந்த அரசன் கட்டிய கோட்டை, அங்கே என்ன போர் நடந்தது, ஒரு சீமாட்டி தன் வீட்டிலிருந்து விளக்கு தெரிகிறதா என்று பார்ப்பதற்காகவே அதைக் கட்டினாள் என்று சொல்லப்படும் கதை உண்மையா, உள்ளே போக நுழைவுக் கட்டணம் எதற்கு, நம் நாட்டிலிருந்து போன பணத்துக்கு அதில் பங்கு உண்டா. இவற்றின் அடியில் இன்னொரு கேள்வி இருப்பதாக எனக்குப் படுகிறது. கோட்டையே அல்லாத ஒன்று கோட்டை போல வேடம் போட்டு நிற்கும்போது, அதை வரலாற்றுச் சின்னம் என்று சொல்லிப் பாதுகாப்பதில் என்ன நியாயம் என்பதைத்தான் நீங்கள் கேட்கிறீர்கள் என்று எடுத்துக்கொண்டு பதில் எழுதுகிறேன். பழைய கற்கட்டடங்களைப் பழுதுபார்க்கும் துறையில் இங்கிலாந்தில் பயின்று, பல ஆண்டுகளாக அதே வேலையில் இருப்பவன் நான். கல், காரை, கூரை, மழைநீர் ஆகியவை பற்றி நான் சொல்வதைத் தயங்காமல் ஏற்றுக்கொள்ளலாம். பிரபுக் குடும்பங்களின் கடிதக் கட்டுகளில் ஆராய்ச்சி செய்தவன் அல்லன் என்பதால், அந்தப் பக்கத்தில் எது உறுதி, எது வழிவழியாகச் சொல்லப்படுவது என்பதை ஆங்காங்கே பிரித்துக் காட்டுகிறேன்.

முதலில் உறுதியானவை. பிராட்வே டவர் எந்த அரசனும் கட்டியதல்ல. அதைச் சுற்றி எந்த முற்றுகையும் நடந்ததில்லை. ஆறாம் கவன்ட்ரி பிரபுவின் குடும்பத்துக்காக, ஜேம்ஸ் வயட் என்ற கட்டடக் கலைஞர் வரைந்த திட்டப்படி, 18ஆம் நூற்றாண்டின் கடைசி ஆண்டுகளில் அது எழுந்தது. திட்டம் 1794இலும் கட்டுமானம் 1798-99இலும் என்பது பொதுவாக ஏற்கப்படும் கணக்கு. ஓராண்டு முன்னதாகச் சொல்பவர்களும் உண்டு, அதனால் பெரிய வேறுபாடு எதுவும் விளைவதில்லை. நிற்கும் இடம் கடல் மட்டத்திலிருந்து 1,024 அடி உயரம். கோபுரத்தின் உயரம் ஏறத்தாழ 65 அடி. கோட்ஸ்வோல்ட்ஸ் மலைகளில் கிளீவ் மலைக்கு அடுத்த உயரமான இடமாக இதைச் சொல்வார்கள். பார்வைக்காகவே உயர்ந்த இடங்களிலும் பூங்காக்களிலும் எழுப்பப்பட்ட இவ்வகைக் கட்டடங்களை அங்கே ‘ஃபாலி’ என்று அழைக்கிறார்கள். இங்கிலாந்தின் நாட்டுப்புறம் முழுவதும் இவை சிதறிக் கிடக்கின்றன. அவற்றில் மிக நேர்த்தியானவற்றுள் ஒன்று இது.

இது கோட்டை அல்ல என்பதை அறிய ஆவணம் எதுவும் தேவையில்லை. கட்டடமே அதைச் சொல்லிவிடும். அறுகோண வடிவத்தில் ஒரு நடுக்கோபுரம், அதன் மூலைகளில் ஒன்று விட்டு ஒன்றாக மூன்று வட்டக் கோபுரங்கள், உச்சியில் பல்வரிசை போல வெட்டிய மதில் விளிம்பு என்று தூரத்திலிருந்து பார்க்கும்போது மிரட்டலாகத்தான் இருக்கும். அருகே போனால் அகலமான, வட்ட வளைவுள்ள சன்னல்களும், அவற்றுக்கு வெளியே நின்று காற்று வாங்குவதற்கான மாடங்களும் கண்ணில் படும். எதிரி அம்பு எய்யும் தொலைவில் வருவான் என்று அஞ்சுகிறவர் எவரும் இத்தனை பெரிய திறப்பை வைக்கமாட்டார். சுற்று மதில் இல்லை, அகழி இல்லை, குதிரை கட்ட முற்றம் இல்லை. எல்லாவற்றுக்கும் மேலாக, மலைமேல் அரண் என்றால் முதலில் தேட வேண்டியது தண்ணீரை. இங்கே அடியில் இருப்பது மழையை உறிஞ்சிக் கீழே விட்டுவிடும் சுண்ணாம்புப் பாறை. உச்சியில் ஒரு படையை வைத்துக் காப்பாற்றும் அளவுக்கு நீர் கிடையாது. பின்னாளில் அங்கே விருந்தினராகத் தங்கியவர்கள் எழுதி வைத்த முதல் குறையும் தண்ணீரைப் பற்றியதுதான். அதற்குப் பிறகு வருகிறேன்.

வட்ட வளைவுகளைப் பார்த்து இதை ‘சாக்சன்’ (நார்மன் படையெடுப்புக்கு முன் இங்கிலாந்தை ஆண்டவர்கள்) பாணி என்று அக்காலத்தவர் அழைத்தார்கள். இன்றும் அறிவிப்புப் பலகைகளில் அந்தச் சொல் தொடர்கிறது. அது உங்களைக் குழப்ப வேண்டாம். 1790களில், கூர் வளைவு வருவதற்கு முந்தைய பழமை எல்லாவற்றுக்கும் சாக்சன் என்ற பெயரைப் போட்டுவிடுவது வழக்கமாக இருந்தது. சாக்சன் கட்டடம் எது, பின்னர் வந்த நார்மன் கட்டடம் எது என்று முறையாகப் பிரிக்கும் வகைப்பாடு 19ஆம் நூற்றாண்டில்தான் உறுதிப்பட்டது. ஆகவே வயட் வரைந்தது எந்த ஒரு காலத்தின் நகலும் அல்ல. ‘மிகப் பழையது’ என்ற உணர்வைத் தொலைவிலிருந்தே எழுப்புவதற்காக அவர் தேர்ந்தெடுத்த ஒரு தோற்றம் அது.

இனி அந்தச் சீமாட்டியின் கதை. பிரபுவின் இரண்டாம் மனைவியான பார்பரா, இந்த மலையில் நெருப்பு மூட்டினால் தம் வீட்டிலிருந்து தெரியுமா என்று அறிய விரும்பினார் என்றும், தெரிந்ததும் அங்கே கோபுரம் கட்டுவித்தார் என்றும் சொல்வார்கள். பார்பரா சீமாட்டி இருந்தது உண்மை, குடும்பத்தின் மாளிகையான குரூம் கோர்ட் வூஸ்டர்ஷயர் சமவெளியில் இருப்பது உண்மை, இம்மலை பழங்காலத்திலிருந்தே அடையாள நெருப்பு மூட்டும் இடமாக இருந்தது என்பதும் பரவலாக ஏற்கப்படுகிறது. ஆனால் கதையில் தவறாமல் வரும் ‘22 மைல்’ என்ற எண்ணை அப்படியே எடுத்துக்கொள்ளக் கூடாது. நிலப்படத்தில் அளவுகோலை வைத்துப் பார்த்தால் கோபுரத்திலிருந்து குரூம் கோர்ட் நேர்கோட்டில் ஏறத்தாழ 15 மைல்தான். வூஸ்டர் நகரம்கூட 20 மைல் அளவில்தான் வரும். ஒருவேளை சாலை வழித் தொலைவு நேர்கோட்டுத் தொலைவாக மாறி அச்சேறியிருக்கலாம். எப்படியாயினும் 1,000 அடி உயரத்தில் மூட்டிய நெருப்பு 15 மைல் தொலைவில் சமவெளியில் தெரிவதில் வியப்பில்லை. அதைச் சோதிக்க 65 அடிக் கோபுரம் தேவையும் இல்லை, சில வண்டி விறகு போதும். எனவே நெருப்புச் சோதனை நடந்திருக்கலாம், கோபுரத்துக்குக் காரணம் அது மட்டுமே என்பதை நான் ஏற்கமாட்டேன்.

இந்த எண்ணமே ‘கேப்பபிலிட்டி’ பிரவுன் என்ற புகழ்பெற்ற நிலத்தோட்டக் கலைஞருடையது என்றும் படித்திருப்பீர்கள். இதைச் சற்றுத் தள்ளி நின்று பார்க்க வேண்டும். பிரவுன் 1751 முதல் குரூமில் வேலை செய்தார் என்பது உறுதி. சதுப்பு நிலத்தை வடிய வைத்து, நீர்நிலை அமைத்து, மாளிகையையும் பூங்காவையும் மாற்றியமைத்த அந்த வேலைதான் அவருக்குப் பெரிய பெயரைத் தேடித் தந்தது. அவர் இறந்தது 1783இல். கோபுரத்தின் திட்டம் வரையப்பட்டது அதற்குப் பதினோரு ஆண்டுகள் கழித்து. மலை விளிம்பில் ஏதாவது ஒன்று நின்றால் நன்றாயிருக்கும் என்று பிரவுன் பிரபுவிடம் சொல்லியிருப்பது இயல்பே. கண்ணுக்கு எட்டும் தூரத்தையெல்லாம் தோட்டத்தின் பகுதியாக நினைத்தவர் அவர். ஆனால் இன்று நிற்கும் இந்த வடிவத்துக்கு உரியவர் வயட் மட்டுமே.

உண்மையான காரணத்தைக் குரூமின் பூங்காவில் நின்றுதான் தேட வேண்டும். அந்த மாளிகையைச் சுற்றி, பூங்காவின் எல்லையிலும் அதற்கு அப்பாலும், கண்ணை இழுப்பதற்கென்றே சில கட்டடங்கள் நிறுத்தப்பட்டன. ராபர்ட் ஆடம் வடிவமைத்த டன்ஸ்டால் காசில் 1760களில் எழுந்தது. அது தொடக்கத்திலிருந்தே இடிபாடாகக் கட்டப்பட்ட வளைவுகளும் தூண்களும்தான். பிறகு 1790களில் வயட் பிர்ட்டன் காசில் என்ற இன்னொரு பொய் இடிபாட்டை ஒரு மேட்டின் மேல் வைத்தார். 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவருடைய திட்டத்தில் பனோரமா டவர் வந்தது. பிராட்வே டவர் இந்த வரிசையில் மிகத் தொலைவில் நிற்பது. வீட்டு வாசலில் நின்று பார்க்கும்போது பார்வை எங்கே போய்த் தங்க வேண்டும் என்பதை வீட்டுக்காரரே முடிவு செய்கிறார். இடையில் இருக்கும் வயலும் தோப்பும் யாருடையதாக இருந்தாலும் சரி, கண் போய் நிற்கும் இடம் அவருடையது. செல்வாக்கை அறிவிக்கும் வழி அது. அழகுணர்ச்சியும் அதில் உண்டு. இரண்டையும் பிரிக்க முயல்வது வீண் வேலை. அக்குடும்பத்துக்குப் பிராட்வே அருகிலேயே ஸ்பிரிங் ஹில் என்ற இன்னொரு வீடும் இருந்தது. ஆகவே இரு வீடுகளுக்கும் உரிய நிலத்தின் நடுவே எழுந்த அடையாளக் கம்பமாகவும் கோபுரத்தைப் பார்க்கலாம்.

காலமும் இதற்குத் துணை நின்றது. 1742இல் தொடங்கிச் சில ஆண்டுகளில் சாண்டர்சன் மில்லர் என்ற நிலக்கிழார், 1642இல் உள்நாட்டுப் போரின் முதல் பெரும் சண்டை நடந்த எட்ஜ்ஹில் குன்றின்மேல் எண்கோணக் கோபுரம் ஒன்றைக் கட்டினார். கட்டடம் பொய், போர் நடந்த இடம் மெய். அதன்பின் இந்த ஆசை வேகமாகப் பரவியது. செஷயர் எல்லையில் மாவ் காப் என்ற பாறைக் குன்றின் உச்சியில் 1754இல் இடிந்த கோட்டை போன்ற ஒன்று எழுந்தது. சர்ரேயில் லீத் குன்றின்மேல் 1760களின் நடுவில் ரிச்சர்ட் ஹல் கோபுரம் எழுப்பி, தாம் இறந்தபின் அதன் அடியிலேயே புதைக்கப்பட்டார். குன்றின் உயரம் 965 அடி, கோபுரத்தோடு சேர்த்தால் 1,000 அடியைத் தாண்டிவிடும். அந்தக் கோபுரத்தின் பின்கதை என் தொழிலில் உள்ளவர்களுக்கு மிகவும் பிடித்தது. ஹல்லுக்குப் பிறகு அது கேட்பாரற்றுப் போனது, உள்ளே கல்லையும் காரையையும் கொட்டி அடைத்துவிட்டார்கள். 1864இல் மறுபடி திறக்க நினைத்தபோது அந்த அடைப்பைத் தோண்டியெடுக்க முடியவில்லை. கடைசியில் பக்கத்தில் ஒட்டினாற்போல் புதிதாக ஒரு படிக்கட்டுக் கோபுரத்தைக் கட்டி, அதன் வழியாக மேலே ஏறினார்கள். இன்று லீத் குன்றுக்குப் போனால் நீங்கள் ஏறுவது அந்தப் படியில்தான்.

பிராட்வேயின் மேல்தளத்தில் நின்றால் 16 மாவட்டங்கள் தெரியும், 62 மைல் வரை பார்க்கலாம் என்று சொல்கிறார்கள். மாவட்டக் கணக்கை நான் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. 1974இல் எல்லைகள் மாற்றப்பட்டு வூஸ்டர்ஷயரும் ஹெரஃபோர்ட்ஷயரும் ஒன்றாக்கப்பட்டன, 1998இல் மறுபடி பிரிக்கப்பட்டன. எந்த ஆண்டின் வரைபடத்தை வைத்து எண்ணுகிறோம் என்பதைப் பொறுத்து விடை மாறும். 62 மைலைக் கணக்கிட்டுப் பார்க்க முடியும். கோபுர உச்சி ஏறத்தாழ 332 மீட்டர். பூமியின் வளைவை மட்டும் கணக்கில் கொண்டால் அந்த உயரத்திலிருந்து அடிவானம் சுமார் 65 கிலோமீட்டர் தொலைவில் விழும். அதாவது 40 மைல். 62 மைல் என்பது 100 கிலோமீட்டர். மீதி 35 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும் ஒன்று தெரிய வேண்டுமானால் அது குறைந்தது 100 மீட்டர் அளவுக்கு உயர்ந்திருக்க வேண்டும். மேற்கே வேல்ஸின் கறுப்பு மலைகள் 800 மீட்டரைத் தாண்டுபவை. ஆகவே நல்ல தெளிவான நாளில், இடையில் வேறு மேடு மறைக்காத திசையில், அந்தத் தொலைவு நடக்கக் கூடியதே. மழை பெய்து ஓய்ந்து காற்று வடமேற்கிலிருந்து வீசும் நாளில் முயன்று பாருங்கள். கோடைப் புழுக்கத்தில் பார்த்தால் பிரெடன் குன்றும் மால்வர்ன் மலைகளும் தெரிந்தாலே அதிகம்.

இவ்வளவு விரிந்த காட்சி அங்கே கிடைப்பதற்கு நிலத்தின் அமைப்பு காரணம். கோட்ஸ்வோல்ட்ஸ் என்பது ஜுராசிக் காலத்துச் சுண்ணாம்புப் பாறைப் படுகை ஒன்று தென்கிழக்காக மெல்லச் சரிந்து கிடப்பதுதான். அதன் வடமேற்கு ஓரம் மட்டும் செங்குத்தாக இறங்குகிறது. கிழக்கிலிருந்து வருபவருக்கு மலை ஏறுகிறோம் என்ற உணர்வே இராது. விளிம்புக்கு வந்ததும் தரை சட்டென்று விலகி, ஈவ்ஷம் பள்ளத்தாக்கு முழுவதும் காலடியில் விரியும். கோபுரம் அந்த விளிம்பில் நிற்கிறது. பார்ப்பதற்கும் பார்க்கப்படுவதற்கும் அதைவிடத் தோதான இடம் அந்தச் சீமையில் இல்லை. இருநூறு ஆண்டுகளில் அந்தக் கட்டடத்துக்கு நேர்ந்தவற்றில் பல அந்த இடத்தால் நேர்ந்தவை.

உங்களுடைய அடிப்படைக் கேள்விக்கு நான் விடை தேடுவதும் அங்கேதான். கவன்ட்ரி குடும்பத்துக்குப் பிறகு கோபுரம் பக்கத்து மிடில் ஹில் எஸ்டேட்டின் உரிமையாளரான சர் தாமஸ் ஃபிலிப்ஸ் கைக்கு வந்தது. கையெழுத்துச் சுவடிகளை அவரளவுக்குத் திரட்டிய தனிமனிதர் உலகிலேயே வேறு யாரும் இருக்கமாட்டார். ஏறத்தாழ 60,000 சுவடிகளை அவர் சேர்த்தார் என்பது வழக்கமாகச் சொல்லப்படும் அளவு. உலகிலுள்ள ஒவ்வொரு புத்தகத்திலும் ஒரு பிரதி தம்மிடம் இருக்க வேண்டும் என்று விரும்பியவர் அவர். தம்மிடமுள்ள ஆவணங்களையும் பட்டியல்களையும் அச்சிட 1822இல் இந்தக் கோபுரத்தில் ஓர் அச்சகத்தையே நிறுவினார். மிடில் ஹில் பிரஸ் என்ற அந்த அச்சகத்துக்காக லண்டனிலிருந்து வந்த அச்சுத் தொழிலாளி, காற்று ஊளையிடும் அந்த மேட்டில் தங்கி எழுத்துக் கோத்தார். ஃபிலிப்ஸ் 1872இல் இறந்தபின் அவருடைய தொகுப்பை விற்று முடிக்க நூறாண்டுக்கு மேல் ஆயிற்று. அதிலிருந்து போன சுவடிகள் இன்று உலகின் பெரிய நூலகங்களில் எல்லாம் இருக்கின்றன.

அடுத்து வந்தவர்கள் வேறு ரகம். கோர்மெல் பிரைஸ் என்ற பள்ளித் தலைமையாசிரியர் (எழுத்தாளர் கிப்ளிங் மாணவராக இருந்தபோது அவருக்குத் தலைமையாசிரியராக இருந்தவர் இவர்தான்) கோபுரத்தை விடுமுறை வீடாக வாடகைக்கு எடுத்திருந்தார். அவருடைய ஆக்ஸ்ஃபோர்டு காலத்து நண்பர்களான, கவிஞரும் வடிவமைப்பாளருமான வில்லியம் மோரிஸும் ஓவியர் எட்வர்ட் பர்ன்-ஜோன்ஸும் அங்கே வந்து தங்குவார்கள். மோரிஸின் மகள் மே, சிறுமியாக அங்கே போன நாள்களைப் பின்னாளில் எழுதியிருக்கிறார். அதைவிட வசதிக் குறைவான இடமும் இல்லை, அதைவிட மகிழ்ச்சியான இடமும் இல்லை என்பது அவருடைய நினைவு. சாமான்களை எல்லாம் மலைமேல் தூக்கி வர வேண்டும். ஆண்கள் மேல்தளத்தில் நின்றுதான் குளிக்க வேண்டும், அதுவும் தண்ணீர் போதுமான அளவு இருந்து, காற்று சோப்பைப் பறித்துக்கொண்டு போகாமல் இருந்தால். முன்னே நான் சொன்ன தண்ணீர்ப் பஞ்சம் இதுதான்.

1876 செப்டம்பரில் மோரிஸ் அங்கே தங்கியிருந்தார். அந்தப் பயணத்தின்போது பர்ஃபர்ட் தேவாலயத்தில் நடந்த ‘சீரமைப்பு’ வேலையைக் கண்டு கொதித்துப்போனார். பழைய சுவரைச் சுரண்டி எடுத்து, இடைக்காலத்தில் இப்படித்தான் இருந்திருக்கும் என்று கற்பித்துக்கொண்ட ஒன்றைப் புதிதாகச் செய்து வைப்பதுதான் அக்காலத்தில் சீரமைப்பு. அதற்கு எதிராக ஒரு சங்கம் வேண்டும் என்ற எண்ணத்தை அவர் அந்த நாள்களிலேயே எழுத்தில் வைத்தார் என்று சொல்லப்படுகிறது. கோபுரத்துக்குள் உட்கார்ந்துதான் எழுதினார் என்பதை அறுதியிட்டுச் சொல்ல நான் தயங்குவேன். ஆனால் 1877 மார்ச்சில், ட்யூக்ஸ்பரி தேவாலயத்தில் திட்டமிடப்பட்ட வேலையைக் கண்டித்து அவர் பத்திரிகைக்குக் கடிதம் எழுதியதும், அதே மாதத்தில் பழங்கட்டடப் பாதுகாப்புச் சங்கம் தொடங்கியதும் ஐயமற்றவை. இடிந்ததை இட்டுக்கட்டாதே, இருப்பதைத் தினம் பார்த்துக் காப்பாற்று என்ற அந்தச் சங்கத்தின் கொள்கையில்தான் என்னைப் போன்றவர்கள் இன்றும் பயிற்சி பெறுகிறோம். இதில் ஒரு விசித்திரமும் உண்டு. கோபுரத்தை வரைந்த ஜேம்ஸ் வயட், சால்ஸ்பரி, ஹெரஃபோர்ட் போன்ற பேராலயங்களில் தாராளமாக இடித்து மாற்றியதற்காக அடுத்த தலைமுறையால் ‘அழிப்பவர்’ என்றே ஏசப்பட்டவர். அவர் கட்டிய சுவருக்குள்தான் அந்த வழக்கத்தை நிறுத்தப் புறப்பட்டவர் விடுமுறையைக் கழித்தார்.

20ஆம் நூற்றாண்டில் கோபுரம் உண்மையாகவே காவல் வேலைக்கு வந்தது. இரண்டாம் உலகப் போரில் எதிரி விமானங்களைக் கண்டு அறிவிக்கும் அரச கண்காணிப்புப் படையின் தன்னார்வலர்கள் அங்கிருந்து வானத்தைப் பார்த்தார்கள். 1943 ஜூனில் பயிற்சிக்குப் பறந்த விட்லி குண்டுவீச்சு விமானம் ஒன்று அருகிலேயே விழுந்தது. இறந்தவர்களுக்கான நினைவுக் கல்லைக் கோபுரத்துக்குப் பக்கத்தில் காணலாம். போருக்குப் பின், அணுகுண்டு விழுந்தால் அதன் இடத்தையும் வலிமையையும் கதிர்வீச்சையும் அளந்து சொல்ல, கோபுரத்திலிருந்து ஐம்பது கஜம் தள்ளி நிலத்தடியில் ஓர் அறை கட்டினார்கள். பிரிட்டன் முழுவதும் இப்படி 1,500க்கும் மேற்பட்ட அறைகள் இருந்தன. இது 1961இலிருந்து இயங்கி 1991இல் மூடப்பட்டது. கருவிகளோடு அப்படியே பேணப்படும் சிலவற்றுள் இதுவும் ஒன்று. இரும்பு ஏணி வழியாக இறங்கினால் சில பேர் நெருக்கி உட்காரக்கூடிய அறை. மேலே தரையில் ஒரு வெள்ளை உருளை இருக்கும். அதன் நான்கு பக்கமும் ஊசித் துளை, உள்ளே ஒளிபடும் தாள். குண்டு வெடித்தால் அந்த வெளிச்சம் துளை வழியே தாளில் ஒரு புள்ளியைச் சுட்டுவிடும், புள்ளி விழுந்த இடத்திலிருந்து திசையும் உயரமும் கிடைக்கும். ஆனால் அந்தத் தாளை எடுக்க யாராவது ஒருவர் ஏணியேறி வெளியே வர வேண்டும். அந்த வேலைக்கு ஊதியமில்லாமல் ஒப்புக்கொண்டவர்கள் பக்கத்து ஊர்களின் சாதாரண மனிதர்கள்.

எனவே, எதைப் பாதுகாக்கிறோம் என்ற கேள்விக்கு என் பதில் இது. இல்லாத ஒரு நார்மன் கோட்டையை யாரும் பாதுகாக்கவில்லை. 1790களில் ஒரு நிலப்பிரபுவின் பார்வை எப்படி இயங்கியது என்பதற்குக் கல்லில் நிற்கும் சாட்சியை, அதன்பின் அதில் குடியேறிய அச்சகத்தோடும் விடுமுறைக்காரர்களோடும் காவலர்களோடும் சேர்த்துப் பாதுகாக்கிறோம். பாதுகாக்கப்படும் கட்டடங்களின் சட்டப் பட்டியலில் அது இரண்டாம் தரத்தில் நட்சத்திரக் குறியிட்ட உயர் பிரிவில் இருப்பதும் அந்தக் காரணத்தால்தான். வேலைப்பாட்டைப் பொறுத்தவரை அதில் பொய் எதுவும் இல்லை. வட்டச் சுவருக்கு ஒவ்வொரு கல்லின் முகத்தையும் வளைவாகச் செதுக்க வேண்டும். வட்டக் கோபுரம் அறுகோணச் சுவரோடு சேரும் மூலையில் கல் கல்லைக் கவ்வும்படி வரிசை மாற வேண்டும். இதைச் செய்த கொத்தர்களுக்குத் தாங்கள் கட்டுவது விளையாட்டுக் கோட்டை என்பதால் வேலை குறைந்துவிடவில்லை.

இத்தகைய கோபுரங்களைப் பேணுவதில் உள்ள சிரமத்தையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் நுழைவுக் கட்டணம் எதற்கு என்ற உங்கள் ஆதங்கத்துக்கு அதில் விடை இருக்கிறது. சாதாரண வீட்டுச் சுவருக்கு ஒரு பக்கம்தான் மழை. உச்சியில் நிற்கும் மதில் விளிம்புக்கு முன்னும் பின்னும் மேலும் மழை. தென்மேற்கிலிருந்து வரும் காற்று நீரை மேல்நோக்கியே தள்ளி இணைப்புகளுக்குள் புகுத்தும். பழைய சுண்ணாம்புக் காரை கல்லைவிட மென்மையானது; ஈரத்தை உள்வாங்கித் தன் வழியாகவே வெளியே விட்டுவிடும், தேய்ந்தால் மறுபடி பூசிக்கொள்ளலாம். 20ஆம் நூற்றாண்டில் பல இடங்களில் நல்லெண்ணத்தோடு சிமென்ட் பூசினார்கள். சிமென்ட் கல்லைவிடக் கடினம், நீரை வெளியே விடாது. ஈரம் கல்லுக்குள்ளேயே நின்று, குளிர்காலத்தில் உறைந்து விரிந்து, கல்லின் முகத்தைத் தகடு தகடாக உரித்துவிடும். காரை முந்திரிக்கொட்டை போலத் துருத்திக்கொண்டு நிற்க, கல் உள்ளே குழிந்து போயிருப்பதை இங்கிலாந்தின் எந்தப் பழைய ஊரிலும் காணலாம். அந்தச் சிமென்டைக் கல்லுக்குச் சேதம் வராமல் கையுளியால் எடுத்துவிட்டுச் சுண்ணாம்புக் காரை இடுவது பொறுமை வேண்டும் வேலை. அதை 1,000 அடி உயரத்தில், சாரம் கட்டி, உறைபனிக்கு முன் முடிக்க வேண்டும். சுண்ணாம்பு இறுகுவதற்குள் பனி பிடித்தால் முழு வேலையும் பாழ். பிராட்வே டவர் தனியாருக்குச் சொந்தமானது, இந்தச் செலவில் பெரும்பங்கு வருகிறவர்களிடமிருந்தே வர வேண்டும்.

கடைசியாக நம் நாட்டுப் பணம் பற்றி. பிராட்வே டவருக்கு இந்தியாவோடு நேரடியான தொடர்பு எதையும் நான் கண்டதில்லை. ஆனால் அதற்குச் சில மைல் தொலைவிலேயே சீசின்கோட் என்ற மாளிகை இருக்கிறது. கிழக்கிந்தியக் கம்பெனியில் பொருளீட்டித் திரும்பிய சார்ல்ஸ் காக்கரெல்லுக்காக அவருடைய சகோதரர் சாமுவேல் காக்கரெல் 1805 வாக்கில் முகலாயப் பாணிக் குவிமாடத்தோடு வடிவமைத்தது. லண்டன் ஷூட்டர்ஸ் குன்றில் உள்ள முக்கோணக் கோபுரமான செவர்ன்ட்ரூக் காசில், கொங்கணக் கரையில் சுவர்ணதுர்க் கோட்டையை 1755இல் பிடித்த வில்லியம் ஜேம்ஸின் நினைவாக அவருடைய மனைவி 1784இல் எழுப்பியது. தமிழ் வாசகருக்கு இன்னும் நெருக்கமான ஒன்று ஸ்காட்லாந்தில் இருக்கிறது. 1781 நவம்பரில் டச்சுக்காரர்களிடமிருந்து நாகப்பட்டினத்தைப் பிடித்த படைத்தலைவர் சர் ஹெக்டர் மன்ரோ, ஊர் திரும்பியதும் அல்னெஸ் ஊருக்கு மேலே ஃபைரிஷ் குன்றின் உச்சியில் தூண்களும் வளைவுகளும் கொண்ட ஒரு நினைவுச் சின்னத்தை எழுப்பினார். அது நாகப்பட்டினக் கோட்டை வாயிலின் சாயல் என்பது நெடுநாளாகச் சொல்லப்பட்டு வருவது. வேலையின்றித் தவித்த ஊராருக்குக் கூலி கொடுப்பதற்காகக் கட்டினார் என்பதும், கூலி நாள் கூடட்டும் என்று கற்களை இரவில் தாமே கீழே உருட்டிவிட்டார் என்பதும் அங்கே சொல்லப்படும் கதைகள். கூலிக்காகக் கட்டியது நம்பத்தக்கது, ஏனென்றால் அயர்லாந்தில் 1740களின் பஞ்சத்தில் கானலி குடும்பம் அப்படிச் செய்திருக்கிறது. கல்லை உருட்டிய கதையை நான் ஊர்க் கதையாகவே வைத்துக்கொள்வேன்.

மறுபடி பிராட்வேக்குப் போவதானால் ஊரிலிருந்து வயல்வழியாக நடந்தே ஏறுங்கள்; சிப்பிங் கேம்டனிலிருந்து பாத் வரை 102 மைல் ஓடும் கோட்ஸ்வோல்ட் நடைவழி அந்தப் பக்கமாகத்தான் போகிறது. நிலத்தடி அறை எல்லா நாளும் திறந்திருக்காது, முன்கூட்டியே விசாரித்துவிட்டுப் போவது நல்லது. முடிந்தால் அதே பயணத்தில் குரூம் பூங்காவுக்கும் போய், வானம் தெளிவாக இருக்கும் நாளில் தென்கிழக்கே மலை விளிம்பைத் தேடிப் பாருங்கள்.